பிள்ளை சுமக்கும் பிள்ளை

(ஊராட்சி மன்ற உறுப்பினர்களுக்கும் விவசாயிகளுக்கும் நடத்தப்பட்ட பயிற்சி முகாமில் வட்டார வளர்ச்சி அலுவலர் ஒருவர் ஆற்றிய உரை)

ஊராட்சி மன்ற உறுப்பினர்களே, விவசாயப் பெருமக்களே, தாய்மார்களே!

இத்தகைய முகாம்களில் வழக்கமாக நாம் பேசும் விஷயங்கள் நீங்கள் அறிந்தவையே. சாலை, குடிநீர், குளம் தூர் வாருதல், விதை நேர்த்தி, தொகுப்பு வீடு, கழிப்பறை ஆகியவற்றைப் பற்றிப் பேசுவோம். இவை ஒவ்வொன்றுக்கும் ஒன்றிய அலுவலகத்தில் பதிவேடு உண்டு. ஆண்டு இலக்கு உண்டு. முடிந்தது எவ்வளவு, மீதி எவ்வளவு என்ற கணக்கும் உண்டு.

இன்று நாம் எடுத்துக்கொண்டுள்ள விஷயத்துக்கு அலுவலகத்தில் பதிவேடு இல்லை. ஆயினும் அது இல்லாத ஊரை இருபது ஆண்டு உத்தியோகத்தில் நாம் கண்டதில்லை. கைக்குழந்தையையோ, படுத்த படுக்கையாகக் கிடக்கும் முதியவரையோ, நோயுற்ற தாய் தந்தையரையோ பார்த்துக்கொள்ளும் பொறுப்பு, பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளையின் தலையில் வந்து இறங்குவதையே குறிப்பிடுகிறோம். இதைப் பற்றி உங்களிடம் பேச நமக்கு இரண்டு காரணங்கள் உண்டு. ஒன்று, உத்தியோகத்தில் நாம் செய்த ஒரு பிழை. மற்றொன்று, நம் சொந்த வீட்டுக் கதை.

நாம் கண்டதும் காணாததும்

சில ஆண்டுகளுக்கு முன்பு, வேறோர் ஒன்றியத்தில் பணியாற்றிய காலத்தில், கட்டுமானத்தில் இருந்த வீடுகளைப் பார்வையிடச் சென்றிருந்தோம். ஓரிடத்தில் சுவர் கூரை மட்டம் வரை எழும்பியிருந்தது. பக்கத்தில் இருந்த பழைய குடிசையில் குடும்பம் தங்கியிருந்தது. உள்ளே எட்டிப் பார்த்தோம். பதினொரு வயது மதிக்கத்தக்க ஒரு சிறுமி, கயிற்றுக் கட்டிலில் கிடந்த தன் பாட்டியின் தலையை ஒரு கையால் தாங்கிக்கொண்டு, மறு கையால் கஞ்சி புகட்டிக்கொண்டிருந்தாள். பாட்டிக்குப் பக்கவாதம், வலக் கையும் வலக் காலும் விழுந்துவிட்டன. தந்தை திருப்பூரில் பனியன் கம்பெனி வேலையில் இருந்தார். தாய் நடவுக்குப் போயிருந்தார். சிறுமி பாட்டியின் வாயைத் துடைத்துவிட்டு எழுந்து, நமக்கு ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

"கெட்டிக்காரப் பெண்!" என்று மெச்சினோம். சுவரின் அளவைக் குறித்துக்கொண்டோம். அடுத்த தவணைத் தொகைக்குச் சிபாரிசு எழுதிவிட்டு வண்டியேறினோம்.

அன்று செவ்வாய்க்கிழமை, நேரம் பகல் பதினொரு மணி. பள்ளிக்கூடம் நடக்கும் வேளை. அந்த எண்ணமே நமக்கு எழவில்லை.

மூன்று மாதம் கழித்து அவ்வூர்ப் பள்ளித் தலைமையாசிரியர், நெடுநாளாக வராத பிள்ளைகளின் பட்டியல் ஒன்றைக் கொண்டுவந்தார். அதில் நான்காவது பெயருக்கு எதிரே 'வீட்டு வேலை' என்று இரண்டு சொற்கள் எழுதியிருந்தன. தெருவின் பெயரைப் பார்த்ததும் நமக்குச் சுருக்கென்றது. சொம்புத் தண்ணீர் கொடுத்த அதே பெண். சுவரின் உயரத்தை அங்குலம் பிசகாமல் அளந்து எழுதிய நாம், அதன் அருகில் நின்ற பிள்ளையிடம், "நீ ஏன் பள்ளிக்கூடம் போகவில்லை?" என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்காதது மட்டுமன்று; பாராட்டிவிட்டும் வந்தோம்.

இந்தப் பிழையை நாம் மட்டும் செய்யவில்லை என்று நினைக்கிறோம். ஊரார் எல்லோரும் அந்தப் பெண்ணைப் பாராட்டத்தான் செய்தார்கள்.

உதவி எது, சுமை எது?

ஒன்றை முதலிலேயே தெளிவாகச் சொல்லிவிட விரும்புகிறோம். பிள்ளைகள் வீட்டு வேலையில் கை கொடுப்பதை நாம் குறை கூற வரவில்லை. தம்பியைச் சற்று நேரம் தூக்கி வைத்திருப்பதும், பாட்டிக்கு வெந்நீர் எடுத்துக் கொடுப்பதும், நோயாளியின் அருகில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருப்பதும் நல்ல பழக்கங்கள். வீட்டில் ஒருவருக்கொருவர் துணை என்ற பாடம் இவற்றால்தான் வருகிறது. அந்தப் பாசத்தைப் பிள்ளைகளின் மனத்திலிருந்து எடுத்துவிட்டால், எந்தத் திட்டத்தாலும் அதைத் திருப்பிக் கொடுக்க இயலாது.

ஆனால் உதவிக்கும் சுமைக்கும் நடுவே ஒரு கோடு உண்டு. அதை அறிய மூன்று கேள்விகள் போதும். முதலாவது, பிள்ளை நாள் தவறாமல் பள்ளிக்குப் போகிறதா? இரண்டாவது, இரவில் முழுத் தூக்கம் தூங்குகிறதா? மூன்றாவது, அந்தப் பிள்ளை இன்று காய்ச்சலில் படுத்துவிட்டால், அதன் வேலையை ஏற்றுக்கொள்ள வீட்டில் பெரியவர் ஒருவர் இருக்கிறாரா? மூன்றுக்கும் 'ஆம்' என்று பதில் வந்தால் அது உதவி. மூன்றாவது கேள்விக்கு 'இல்லை' என்று வந்துவிட்டால், அங்கே பிள்ளை உதவி செய்யவில்லை. ஒரு பெரியவரின் இடத்தில் நின்றுகொண்டிருக்கிறது.

பக்கவாத நோயாளியைப் பார்த்துக்கொள்வது சாதாரண வேலையன்று. புண் வராதிருக்க, இரண்டு மணிக்கு ஒரு தரம் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும். படுத்தபடியே ஊட்டினால் உணவு மூச்சுக்குழாயில் இறங்கிவிடும். ஆகையால் நிமிர்த்தி உட்கார வைத்தே ஊட்ட வேண்டும். மலசலம் எடுக்க வேண்டும். அந்தப் பாட்டி, பேத்தியைப் போல் இரண்டு பங்கு எடை இருந்தார். ஒரு தரம் அவரைத் தூக்கப் போய், இருவருமாகக் கட்டிலிலிருந்து விழுந்திருக்கிறார்கள். இதையெல்லாம் அந்தப் பெண்ணுக்குச் சொல்லிக் கொடுத்தவர் எவரும் இல்லை. அவளாகப் பார்த்துப் பார்த்துச் செய்திருக்கிறாள்.

ஏன் இவ்வாறு நேருகிறது?

பெற்றோரிடம் பாசமில்லை என்பதால் இது நேருவதில்லை. பெரியவர் கைக்கும் வேலைக்கும் கணக்கு ஒத்துவராததால் நேருகிறது.

காவிரிப் பாசன ஊர்களை எடுத்துக்கொள்வோம். ஜூனில் பள்ளி திறக்கும். குறுவை நடவும் அதே சமயத்தில்தான் வரும். செப்டம்பரில் காலாண்டுத் தேர்வு. அப்பொழுது சம்பா நடவு. பொங்கலை ஒட்டிச் சம்பா அறுவடை. அதைத் தொடர்ந்து ஆண்டுத் தேர்வுக்குப் படிக்க வேண்டிய காலம். வயலில் தாயின் கை எப்பொழுது தேவையோ, அப்பொழுதெல்லாம் வீட்டில் மூத்த பெண்ணின் கை தேவைப்படுகிறது. ஆசிரியர்களின் வருகைப் பதிவேட்டை வேளாண் பஞ்சாங்கத்தோடு வைத்துப் பார்த்தால் இது விளங்கும்.

இனி, கைக்குழந்தைகளின் விஷயம். 1975-ஆம் ஆண்டில் ஒருங்கிணைந்த குழந்தை வளர்ச்சித் திட்டம் நாட்டில் தொடங்கியது. 1982-ஆம் ஆண்டின் சத்துணவுத் திட்டத்துக்குப் பிறகு, நம் ஊர்களில் குழந்தைகள் மையங்கள் பெருகின. இரண்டு வயது நிறைந்த பிள்ளையைத் தாய் அங்கன்வாடியில் விட்டுவிட்டு வேலைக்குப் போகலாம். ஆனால் இரண்டு வயது நிறையாத குழந்தைக்குச் சத்துமாவு வீட்டுக்கு வருமேயன்றி, பகலில் பார்த்துக்கொள்ள ஆள் வருவதில்லை. அங்கன்வாடி திறக்கும் முன்பே நடவுப் பெண்கள் வயலில் இறங்கிவிடுகிறார்கள். முன்னாளில் இந்த இடைவெளியைப் பாட்டியும் அத்தையும் சித்தியும் நிரப்பினார்கள். இன்று குடும்பங்கள் சிறுத்துவிட்டன. ஆண்கள் திருப்பூருக்கும் சென்னைக்கும் போய்விடுகிறார்கள். ஆகவே அக்காள் நிரப்புகிறாள்.

முதுமையிலும் இதே நிலைதான். இரத்தக் கொதிப்புக்கு மாத்திரை கிரமமாகச் சாப்பிடாதவருக்கு ஒரு நாள் பக்கவாதம் வருகிறது. அவர் கட்டிலில் விழுகிறார். கட்டிலின் அருகே பேத்தி நிற்கிறாள். பாட்டி விட்டுவிட்ட மாத்திரைக்கும் பேத்தி விட்டுவிட்ட பள்ளிக்கும் இவ்வளவு நேரான தொடர்பு உண்டு.

பெண் பிள்ளைகளையே பெரிதும் குறிப்பிடுகிறோம் எனினும், ஆண் பிள்ளைகள் இதற்கு விலக்கல்லர். மனநோயுற்ற தாயைத் தனியே விட அஞ்சி, பள்ளிக்கு வராமல் வாசலிலேயே உட்கார்ந்திருந்த ஒரு சிறுவனையும் நாம் அறிவோம்.

கணக்கில் வராத உழைப்பு

தீப்பெட்டி ஆலையிலோ செங்கல் சூளையிலோ ஒரு பிள்ளை வேலை செய்தால், அதிகாரி போய்த் தடுக்கச் சட்டம் இருக்கிறது. 2016-ஆம் ஆண்டில் திருத்தப்பட்ட குழந்தைத் தொழிலாளர் சட்டம், பதினான்கு வயது நிறையாத பிள்ளைகளை வேலைக்கு அமர்த்துவதைத் தடுக்கிறது. குடும்பத்துக்கு உதவி செய்வதற்கு அச்சட்டம் விலக்கு அளிக்கிறது. ஆயினும் அது பள்ளி நேரத்துக்குப் பிறகோ விடுமுறையிலோ இருக்க வேண்டும். படிப்பைக் கெடுக்கலாகாது என்ற நிபந்தனையும் உண்டு. அந்த நிபந்தனையை வீட்டுக்குள் போய்ப் பார்ப்பவர்தான் இல்லை. 2011-ஆம் ஆண்டு மக்கள் தொகைக் கணக்கெடுப்பில், வீட்டுக் கடமைகளை மட்டும் செய்பவர் 'வேலை செய்யாதவர்' வரிசையிலேயே சேர்க்கப்பட்டார். விடியற்காலை முதல் இரவு வரை பாட்டியைப் புரட்டிப் படுக்க வைக்கும் பெண், கணக்கின்படி சும்மா இருப்பவள்!

2019-ஆம் ஆண்டில் தேசியப் புள்ளியியல் அலுவலகம், மக்கள் தம் நேரத்தை எவ்வாறு செலவிடுகிறார்கள் என்று நாடெங்கும் கணக்கெடுத்தது. ஆறு வயது முதற்கொண்டே அந்தக் கணக்கு எடுக்கப்பட்டது. பெண்களில் நூற்றுக்கு 81 பேர் கூலியில்லாத வீட்டு வேலை செய்பவர்கள். அவர்கள் அதற்குச் செலவிட்ட நேரம் நாளொன்றுக்கு 299 நிமிடம். ஆண்களில் அவ்வேலையில் கை வைத்தவர்கள் நூற்றுக்கு 26 பேர். அவர்கள் செலவிட்டது 97 நிமிடம். இந்த இரண்டு எண்களுக்கும் இடையே உள்ள பள்ளத்தைத்தான், தாய்க்கு முடியாதபோது, மூத்த பெண் நிரப்புகிறாள். இச்சபையில் இருக்கும் ஆண்மக்கள் இதைச் சிந்திக்க வேண்டும்.

பிற நாட்டில் இதை எவ்வாறு பார்க்கிறார்கள் என்பதற்கு ஓர் உதாரணம் சொல்வோம். இங்கிலாந்து செல்வ நாடு. மருத்துவ வசதி மிகுந்த நாடு. அங்கேயே 2011-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில், 5 முதல் 17 வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் சுமார் 1,66,000 பேர் வீட்டில் ஒருவரைப் பராமரித்து வந்தது தெரியவந்தது. 2014-ஆம் ஆண்டில் அவர்கள் சட்டம் செய்தார்கள். அத்தகைய பிள்ளை இருப்பதாகத் தெரிந்தால், அதற்கு என்ன உதவி தேவை என்பதை உள்ளாட்சி மன்றம் நேரில் ஆராய வேண்டும் என்பது அச்சட்டத்தின் கட்டளை. அந்தப் பொறுப்பை அவர்கள் உள்ளாட்சியிடம் ஒப்படைத்தார்கள் என்பதைக் கவனியுங்கள். எந்த வீட்டில் யார் கட்டிலில் கிடக்கிறார் என்பது தலைநகரத்துக்குத் தெரியாது, உங்களுக்குத்தான் தெரியும்.

நாற்று வயது

விவசாயப் பெருமக்களுக்கு நாற்றைப் பற்றி நாம் சொல்ல வேண்டியதில்லை. பயிரின் வயதில் மாதத்துக்கு ஒரு வாரம் என்ற கணக்கில் நாற்றைப் பறித்து நட வேண்டும் என்பது உங்கள் அனுபவம். மூன்று மாதப் பயிருக்கு மூன்று வார நாற்று. நான்கு மாதப் பயிருக்கு நான்கு வார நாற்று. தண்ணீர் வரவில்லை, ஆள் கிடைக்கவில்லை என்று நாற்றங்காலிலேயே விட்டு வயதேறிய நாற்றை நட்டால் என்ன ஆகிறது? பயிர் சாவதில்லை, பச்சையாகத்தான் நிற்கும். ஆனால் தூர் கட்டாது. எவ்வளவு உரம் இட்டாலும் விட்ட நாள் திரும்பி வராது.

பிள்ளையின் படிப்பும் அத்தகையதே. இரண்டு ஆண்டு வீட்டில் நின்ற பெண், பிறகு பள்ளிக்குப் போக மறுக்கிறாள்; சிறிய பிள்ளைகளோடு உட்கார வெட்கப்படுகிறாள். இடைவெளி இரண்டு ஆண்டுதான். இழப்போ ஆயுள் முழுவதற்கும்.

நம் வீட்டுக் கதை

இதை நாம் புத்தகத்தில் படித்துச் சொல்லவில்லை. நம் தாயார் நடவு, களையெடுப்பு வேலைக்குப் போனவர். நாம் பிறந்தபோது நம் தமக்கையாருக்கு ஒன்பது வயது. நான்காம் வகுப்பு முடித்திருந்தார். அந்த ஆண்டு அவரைப் பள்ளியிலிருந்து நிறுத்தி, நம்மை அவர் இடுப்பில் ஏற்றினார்கள். தாய்ப்பாலுக்காக நாளைக்கு இரண்டு தரம் வரப்பு வழியே நம்மைத் தூக்கிக்கொண்டு வயலுக்குப் போவார். திரும்பும் வழியில் பள்ளிக்கூடத்து ஜன்னல் ஓரமாக நின்று பாடம் கேட்பாராம். நாம் அழுவோம், உள்ளிருந்து ஆசிரியர் அதட்டுவார், அவர் நகர்ந்துவிடுவார்.

நமக்கு இரண்டு வயது நிரம்பியபோது ஊரில் குழந்தைகள் மையம் வந்துவிட்டது. நம்மை அங்கே சேர்த்தார்கள். தமக்கையார் அப்பொழுதே பள்ளிக்குத் திரும்பியிருக்கலாம். ஆனால் அவருக்குப் பதினொரு வயதாகிவிட்டது. உடன் படித்தவர்கள் வேறு பள்ளிக்குப் போய்விட்டார்கள். வீட்டிலும் அவர் சமையலுக்குப் பழகிவிட்டார்கள். நாம் பள்ளியில் சேர்ந்தோம், கல்லூரிக்குப் போனோம், பட்டம் பெற்றோம். உத்தியோக உத்தரவு வந்த அன்று அதை அவர் கையில்தான் முதலில் கொடுத்தோம். எழுத்துக் கூட்டி நம் பெயரை வாசித்தார். அதற்கு மேல் அலுவலகத் தமிழ். வாசிக்க இயலாமல் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சிரித்தார்.

நாம் பட்டதாரியானதற்கு ஊரார் நம் உழைப்பைக் காரணம் சொல்கிறார்கள். அதற்கு முன்பு ஒரு பெண் பிள்ளையின் ஐந்தாம் வகுப்பு செலவாகியிருக்கிறது என்பது நமக்குத் தெரியும்.

ஊராட்சி செய்யக்கூடியவை

இனிச் செய்ய வேண்டிய காரியத்துக்கு வருவோம். இவற்றில் பெரும்பாலானவற்றுக்குப் புதிய நிதி வேண்டியதில்லை. இருக்கிற ஏற்பாடுகளை அந்த வீட்டு வாசல் வரை கொண்டுபோகும் கால்களே வேண்டும்.

முதலாவது, தெரிந்துகொள்ளுதல். ஒவ்வோர் உறுப்பினரும் தம் வார்டில் ஒரு சுற்று நடக்க வேண்டும். "உங்கள் பிள்ளை வேலை செய்கிறதா?" என்று கேட்காதீர்கள், இல்லை என்றுதான் சொல்வார்கள். "பகலில் பாட்டியை யார் பார்த்துக்கொள்கிறார்கள்? நீங்கள் வயலுக்குப் போனால் குழந்தை யாரிடம் இருக்கிறது?" என்று கேளுங்கள். அந்தக் கேள்விக்குப் பொய்யான பதில் வருவதில்லை. கிடைத்த விவரத்தைத் தலைமையாசிரியரின் வருகைப் பதிவேட்டோடு ஒப்பிட்டால், ஓர் ஊருக்கு நாலைந்து வீடுகள் தெளிவாகத் தெரிந்துவிடும்.

இரண்டாவது, நோயாளிக்குரிய உதவியை வீட்டுக்கு வரவழைத்தல். 2021-ஆம் ஆண்டு ஆகஸ்டில் கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொடங்கப்பட்ட மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தின் நோக்கம், இரத்தக் கொதிப்புக்கும் நீரிழிவுக்கும் மாத்திரைகளை வீட்டிலேயே கொடுப்பதும், படுக்கையில் கிடப்போருக்குச் செவிலியர், இயன்முறை மருத்துவர் சேவையை வீட்டுக்கே கொண்டுவருவதும் ஆகும். கடுமையாகப் பாதிக்கப்பட்ட மாற்றுத்திறனாளிகளுக்கான பராமரிப்பு உதவித்தொகை 2023-ஆம் ஆண்டு முதல் மாதம் 2,000 ரூபாயாக உயர்த்தப்பட்டது. மருத்துவச் சான்று வாங்க நோயாளியை அழைத்துப் போவது யார் என்பதிலேயே பல மனுக்கள் நின்றுவிடுகின்றன. அந்த ஒரு நாள் வண்டி வாடகைக்கும் துணைக்கும் வழி செய்வது உறுப்பினரால் ஆகக்கூடிய காரியம்.

மூன்றாவது, பிள்ளைக்குரிய உதவி. பெற்றோர் கொடிய நோயுற்றோ செயலிழந்தோ இருந்தால், மிஷன் வாத்சல்யா திட்டத்தின் 2022-ஆம் ஆண்டு விதிகளின்படி பிள்ளைக்கு மாதம் 4,000 ரூபாய் ஆதரவுத் தொகைக்கு மனுச் செய்யலாம். கிராமக் குடும்பத்துக்கு ஆண்டு வருமான வரம்பு 72,000 ரூபாய். மனு மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகுக்குப் போக வேண்டும். அவசர நிலையில் 1098 என்ற எண்ணுக்குத் தொலைபேசியில் சொன்னால் போதும்.

நான்காவது, பள்ளிக்குத் திரும்பும் வழி. 2009-ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டத்தின் நான்காம் பிரிவு, இடையில் நின்ற பிள்ளையை அதன் வயதுக்கேற்ற வகுப்பிலேயே சேர்த்து, விட்ட பாடத்துக்குத் தனிப் பயிற்சி அளிக்க வேண்டும் என்கிறது. சிறிய பிள்ளைகளோடு உட்கார வேண்டுமே என்ற வெட்கத்துக்கு இதுவே மருந்து. இதைப் பெற்றோருக்கு எடுத்துச் சொல்வது பள்ளி மேலாண்மைக் குழுவின் கடமை. 2022-ஆம் ஆண்டில் தொடங்கிய காலை உணவுத் திட்டத்தையும் இங்கே நினைவுகூர வேண்டும். தம்பி தங்கைகளுக்குக் காலையில் அடுப்பு மூட்டி வந்த எத்தனையோ பெண்களுக்கு அது ஒரு மணி நேரத்தை மிச்சப்படுத்திக் கொடுத்தது.

ஐந்தாவது, கைக்குழந்தைகளுக்குப் பகல் காப்பகம். நடவும் அறுவடையும் நடக்கிற வாரங்களில் மட்டுமாவது, சமுதாயக் கூடத்தையோ காலியாகக் கிடக்கும் அரசுக் கட்டடத்தையோ விடியற்காலையில் திறந்துவைத்து, சுய உதவிக் குழுவிலிருந்து மூத்த பெண்கள் இருவரை அமர்த்தலாம்.

விவசாயப் பெருமக்களுக்கு ஒரு வேண்டுகோள். 2005-ஆம் ஆண்டின் வேலை உறுதிச் சட்டத்தில் ஒரு நல்ல விதி செய்தார்கள். வேலைத் தளத்துக்குத் தாய்மாருடன் ஆறு வயதுக்குட்பட்ட குழந்தைகள் ஐந்து பேரோ அதற்கு மேலோ வந்தால், அங்குள்ள பெண்களில் ஒருவரைக் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள நிறுத்தி, அவருக்கும் கூலி கொடுக்க வேண்டும் என்பதே அவ்விதி. இதை உங்கள் வயலிலும் நடத்தலாம். பத்துப் பெண்கள் நடவு நடும் இடத்தில், களத்து மேட்டு நிழலில் ஒரு மூதாட்டிக்கு ஒரு கூலி கொடுத்து உட்கார வையுங்கள். நாலைந்து பேர் சேர்ந்து பகிர்ந்துகொண்டால் ஒருவருக்கு அது பெருஞ்செலவன்று. அந்த ஒரு கூலியால் நாலைந்து அக்காமார்கள் பள்ளிக்குப் போய்விடுவார்கள்.

செய்யக்கூடாதவை

இரண்டு எச்சரிக்கைகள். பெற்றோரைச் சபையில் நிறுத்தி அதட்டாதீர்கள். அவர்கள் பிள்ளையை விற்றவர்கள் அல்லர். வழி தெரியாமல் நின்றவர்கள். கிராம சபையில் இதைப் பற்றிப் பேசுங்கள், பெயர்களை வாசிக்காதீர்கள்.

மற்றொன்று, இத்தகைய பிள்ளையை மேடையேற்றி மாலை போட்டுப் பரிசு கொடுக்காதீர்கள். சுதந்திர தின விழாவில் அவ்வாறு செய்ய வேண்டும் என்று நல்லெண்ணத்தோடு சிலர் நம்மிடம் கேட்டதுண்டு. பரிசு கொடுத்தால், நாளை அந்தப் பிள்ளை "எனக்கு முடியவில்லை" என்று சொல்ல வாயில்லாமல் போகும். பாராட்டிவிட்டுப் போவது எவ்வளவு சுலபம் என்பது நமக்குத் தெரியும். நாமே அதைச் செய்தவர்கள்.

அந்தப் பெண் என்ன ஆனாள்?

பட்டியலைப் பார்த்த மறுநாளே அவ்வீட்டுக்குப் போனோம். காரியம் ஒரே நாளில் முடிந்துவிடவில்லை. ஐந்து மாதம் ஆயிற்று. கிராம சுகாதார செவிலியர் வந்து, நோயாளியை எவ்வாறு புரட்டுவது, எவ்வாறு உட்கார வைப்பது என்று தாய்க்கும் அண்டை வீட்டாருக்கும் கற்றுக்கொடுத்தார். உதவித்தொகை மனு இரண்டு தரம் திரும்பி வந்து, மூன்றாம் தரம் நிறைவேறியது. எதிர்வீட்டு மூதாட்டி ஒருவர் பகலில் இருக்க இசைந்தார். அந்தத் தொகையிலிருந்து அவருக்குச் சிறு கூலி ஏற்பாடாயிற்று.

எல்லாம் கூடிவந்த பிறகு அந்தப் பெண்தான் மறுத்துவிட்டாள். "நான் போய்விட்டால் அப்பாயி என்னைத் தேடும், சார். வேறு யார் ஊட்டினாலும் சாப்பிடாது" என்று அழுதாள். அவள் சொன்னது உண்மை. அப்பொழுதுதான் ஒன்றை உணர்ந்தோம். அவள் தோளிலிருந்து இறக்க வேண்டியது பாரத்தை, பாட்டியை அன்று. தலைமையாசிரியர் நல்ல மனிதர். மதிய இடைவேளையில் அவள் வீட்டுக்கு ஓடிப்போய்ப் பாட்டிக்கு ஊட்டிவிட்டு வர அனுமதித்தார்; சில நிமிடம் பிந்தி வந்தாலும் கேட்கவில்லை. முதல் வாரம் இரண்டு நாள் வந்தாள். அடுத்த வாரம் நான்கு நாள். பிறகு எல்லா நாளும் வந்தாள். பாட்டி மறு ஆண்டு காலமானார். அந்தப் பெண் பத்தாம் வகுப்புத் தேறிய செய்தி, நாம் மாற்றலாகி வந்த பின்பு நமக்குக் கிடைத்தது. அந்தப் பட்டியலில் இருந்த மற்ற பிள்ளைகளில் இருவர் திரும்பி வரவே இல்லை என்பதையும் மறைக்காமல் சொல்கிறோம். அவர்களிடம் நாம் போய்ச் சேர்ந்தபோது நாற்று வயது கடந்திருந்தது.

இந்த உரைக்காகக் குறிப்பு எழுதியபோது நம் தமக்கையாரிடம், "அக்கா, எங்கள் மீது உங்களுக்கு வருத்தம் இல்லையா?" என்று கேட்டோம். அவர் சொன்னார்: "உன்னைத் தூக்கி வளர்த்ததில் என்ன வருத்தம், தம்பி? அம்மா வயலிலிருந்து வருகிற வரைக்கும் வேறு யாராவது உன்னைக் கொஞ்சம் பிடித்துக்கொண்டிருந்தால், நானும் பள்ளிக்கூடம் போய்விட்டு வந்திருப்பேன், அவ்வளவுதான்."

பெருமக்களே! உங்களிடம் நாம் கேட்பதும் அவ்வளவுதான். அடுத்த கிராம சபை கூடுவதற்கு முன்பு, பள்ளி நடக்கும் நேரத்தில் ஒரு நாள் உங்கள் தெருவில் நடந்து பாருங்கள். வாசலில் இடுப்பில் பிள்ளையோடு ஒரு பிள்ளை நின்றால், மெச்சிவிட்டுப் போகாதீர்கள். நின்று, "உனக்குப் பதிலாக யார் இருக்க முடியும்?" என்று கேளுங்கள். அந்த ஆளைத் தேடித் தருவது ஊரின் பொறுப்பாகட்டும்.